கயிறு தொட்டவரின் பங்கு

துறைமுக வரலாற்று வாரத்துக்குப் பேச வந்தவர் போர்த்துக்கீசர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர் என்று எல்லாரையும் கப்பலோடு கூட்டிவந்து கரையில் இறக்கினார். கரையில் ஏற்கெனவே நின்ற சனத்தைப் பற்றி வாயே திறக்கவில்லை. கேட்டுக்கொண்டிருந்த மாகிரட்டுக்கு வயிறு எரிந்தது. கூட்டம் நடந்த, கொட்டியாரக் குடாவின் அந்தத் துண்டு மணலில் கரைவலை இழுக்கும் உரிமை அவள் புருசனின் பாட்டன் காலத்திலிருந்து வருவது. புருசன் செத்தபிறகு வலை அவள் பொறுப்பு. இப்போது அங்கே உல்லாச விடுதி கட்டப்போவதாக ஊரெல்லாம் கதை.

பேச்சு முடிந்ததும், பிரதம அதிதியாக வந்திருந்த அமைச்சர் சட்டைக் கையை மடித்துக்கொண்டு மாகிரட்டோடும் சனத்தோடும் சேர்ந்து வலைக்கயிற்றைப் பிடித்தார். படம் எடுத்து முடியும்வரை இழுத்தார். பிறகு உள்ளங்கையை முகர்ந்து முகத்தைச் சுளித்தார்.

வலை கரைக்கு வந்ததும் மாகிரட் நல்ல பாரைகளாகப் பொறுக்கி ஒரு பையில் போட்டாள்.

"உந்தாளுக்கு என்னத்துக்கு மீன்?" என்றான் வலை இழுக்கும் றிக்சன்.

"கயிறு தொட்டவைக்குப் பங்கு குடுக்கத்தானே வேணும். பங்கு வாங்கினவன் அந்த வலைக்குக் கெடுதல் செய்யமாட்டான்."

"அது எங்கட ஆக்களுக்குத்தான் தெரியும், அக்கா."

அவள் கேட்கவில்லை. பையை அதிதியின் கையிலேயே கொடுத்தாள்.

"ஐயா, இந்த இடத்தை எங்களுக்கே விட்டுத் தாங்கோ."

"ஓம் அம்மா. நீங்கள்தானே எங்கட வரலாறு."

மாகிரட்டுக்கு நெஞ்சு குளிர்ந்துபோனது. பங்கை வாங்கிவிட்டார், இனி என்ன பயம்?

வாகனங்கள் போய்க் கொஞ்ச நேரத்தில் றிக்சன் அவளைத் தெருமுனைக்குக் கூட்டிப்போனான். பை தெருவோரச் சாக்கடைக் கானுக்குள் கிடந்தது. போட்ட முடிச்சுக்கூட அவிழவில்லை. காகங்கள் அதைக் கொத்திக்கொண்டிருந்தன. தெருநாய்க்கு வைத்திருந்தால் வாலாவது ஆட்டியிருக்கும்.

ஒருவரின் பங்கை இன்னொருவர் தின்னக்கூடாது என்பது கரைவலை முறை. அவள் பையை எடுத்துவந்து குசினிக்குப் பின்னால் ஒரு வாளியில் மூடிவைத்தாள்.

அடுத்த கிழமை கரையை மறித்துத் தகரவேலி எழும்பியது. வேலியில் பெரிய படம்: அதிதி சிரித்துக்கொண்டு கயிறு இழுக்கிறார். கீழே, 'எமது துறைமுகம், எமது மரபு.' கூட இழுத்த சனத்தைப் படத்திலிருந்து வெட்டியெறிந்துவிட்டார்கள். ஓரத்தில் மணிக்கட்டுவரை ஒரு கை மட்டும் மிஞ்சிக் கயிற்றைப் பிடித்திருந்தது. காய்ப்பேறிய அந்தக் கை மாகிரட்டுடையது.

அவள் வீட்டுக்குப் போய் வாளியோடு வந்தாள். புழு நெளிந்த பையை எடுத்து அந்தச் சிரிப்புக்கு நேர்கீழே ஆணியில் மாட்டினாள். காவல்காரன் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடிவந்தான்.

"என்ன இது?"

"அவரிட பங்கு. விட்டுட்டுப் போயிட்டார்."

அவளுக்குப் பின்னால் வந்திருந்த றிக்சன் கேட்டான், "நாளைக்கு வலையை எங்க வளைக்கிறது, அக்கா?"

மாகிரட் வெறும் வாளியைப் பிடித்தபடி தகரத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.