கச்சேரிக்காக ஒரு கல்யாணம்

விவாகரத்து செய்த புருஷனையே லிபுஷே மறுபடி கட்டிக்கொள்ளப் போகிறாள் என்ற சேதி பரவியதும் லோமெச் கிராமத்தில் யாருக்கும் வேறு வேலை ஓடவில்லை. காதல் என்றார்கள் சிலர். அந்தப் புருஷன் ரதோவானை அறிந்தவர்கள் அப்படிச் சொல்லவில்லை.

விஷயம் இதுதான். ராக் குழுவில் அவள் பாடுவாள், அவன் கிதார் வாசிப்பான். அவர்களுடைய நீண்ட தலைமுடியும் பாட்டும் சோஷலிசத்துக்கு ஒத்துவராது என்று அரசாங்கத் தேர்வுக் குழு மேடை உரிமத்தைப் பிடுங்கி நான்கு வருஷமாகிறது. அதன்பின் அவள் பாட்டெல்லாம் வேலைபார்த்த சலவைக்கூடத்தின் நீராவியோடு போயிற்று. மேடையேற மிஞ்சிய ஒரே வழி கல்யாணம். குடும்ப விசேஷத்தில் உரிமம் இல்லாமலே யாரும் வாசிக்கலாம். ஆனால் குழுவில் மற்றவர்களுக்கெல்லாம் கல்யாணமாகிவிட்டது.

"உன்ன விட்டா ஆளில்ல, லிபு" என்றான் ரதோவான்.

"முதல் தடவையும் இப்படித்தான் கேட்ட. சரி, கட்டிக்கிறேன். ஆனா பாடப்போறது நான். பொண்ணு மூலையில உக்காந்திருக்க மாட்டா."

கல்யாணத்தன்று பிராக்கிலிருந்தும் பில்சனிலிருந்தும் ரயிலேறி வந்த முடிக்காரர்களால் ஊர் மதுக்கூடம் பிதுங்கியது. லிபுஷே மைக்கைப் பிடித்தாள். ஊர்ப் போலீஸ் சார்ஜென்ட் க்ராத்கி உள்ளே வந்தார்.

"நிறுத்துங்க. அனுமதி கல்யாண விருந்தாளிங்களுக்கு மட்டும்தான். இவனுங்கெல்லாம் யாரு?"

"சித்தப்பா பசங்க, சார்" என்றாள் லிபுஷே.

"உங்க வம்சத்துல ஒருத்தன்கிட்டயும் சீப்பு கிடையாதா?"

"பரம்பரை வியாதி, சார்."

சிரிப்பு எழுந்தது. சார்ஜென்ட் சிரிக்கவில்லை. "வாயால யாரும் உறவு சொல்லலாம். கோலாச் கொடுத்தியா?"

கல்யாணத்துக்கு முன்னால் கொடுக்கும், கசகசா வைத்த குட்டிக் கோலாச் பணியாரத்தைத் தின்றவர்தான் அழைக்கப்பட்டவர். ஊரில் அதை மறுப்பவர் இல்லை. லிபுஷே கூட்டத்தைக் கைகாட்டினாள். ரயிலடியிலேயே கூடை வைத்துக் கொடுத்திருந்தாள். தாடிகளிலெல்லாம் கசகசா.

சமையலறையிலிருந்து கை துடைத்தபடி வந்தாள் சார்ஜென்ட்டின் மனைவி ப்ளாஷேனா. "மாவு பிசைஞ்சதே நாங்கதான். காலையில நீங்களும்தானே ஒரு தட்டு காலி பண்ணீங்க? விருந்தாளியா லட்சணமா தொப்பியக் கழட்டிட்டு உக்காருங்க."

கூடமே அவரைப் பார்த்தது. தொப்பி இறங்கியது.

லிபுஷே பாடினாள். நான்கு வருஷம் அடைத்துவைத்த குரல் ஜன்னல் கண்ணாடியை அதிரவைத்து, தெருவைத் தாண்டி, கட்சி அலுவலகச் சுவர்வரை போய் முட்டியது. வாசலில் நின்றவர்கள் ஆடினார்கள். ரதோவானின் கிதார்த் தந்தி ஒன்று அறுந்தது. அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பாட்டு முடிந்ததும் கூட்டம் தரையை உதைத்து இன்னொன்று கேட்டது.

அவள் செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டு அடுத்த பாட்டை எடுத்தாள்.