அசையாமப் படுத்திருங்க

அண்ணன் அப்பாவின் தோளைத் தூக்கிப் பிடித்துச் சலவைச் சட்டையை மாட்டிவிட்டுக்கொண்டிருந்தான். அவள் கால்மாட்டில் நின்று போர்வையை விலக்கினாள். கெண்டைக்கால்கள் குச்சியாய் மெலிந்திருந்தன. அவள் கை அப்படியே நின்றுவிட்டது.

விண்வெளிக்குப் போகிறவர்களுக்கு உடற்பயிற்சி கொடுப்பவள் அவள். எடையில்லாத இடத்தில் கால் தரையை மிதிக்காது. மிதிக்காத காலில் தசை கரையும், எலும்பு தேயும். அதனால் தினமும் இரண்டு மணி நேரம் ஓடு, பாரத்தைத் தள்ளு, ஒரு நாள்கூட விடாதே என்று விரட்டுவாள். 'ராட்சசி' என்றுதான் அவர்கள் அவளைக் கூப்பிடுவார்கள், முகத்துக்கு நேராகவே.

மூன்று மாதங்களுக்கு முன் அப்பா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். அறுவை சிகிச்சை முடிந்த மறுநாளே நடக்கவைக்கச் சொன்னார் டாக்டர். அவள் பயிற்சி கொடுத்த குழு விண்வெளிக்குக் கிளம்ப இன்னும் பத்து நாள்தான் இருந்தது.

"நர்ஸ் பிடிச்சா பயமா இருக்கும்மா," என்றார் அப்பா போனில். "நீ ரெண்டு நாள் வந்து நிக்க வெச்சுட்டுப் போறியா?"

"இப்ப முடியாதுப்பா. மறுபடி விழுந்துட்டீங்கன்னா யாரு ஓடி வர்றது? நான் வர்ற வரைக்கும் அசையாமப் படுத்திருங்க."

பொத்தானை அழுத்தினால் உயரும் கட்டிலொன்றை வாங்கி அனுப்பினாள். குழு கிளம்பியது, அடுத்த குழு வந்தது. அவள் வரவில்லை. படுத்தே கிடந்தவருக்கு நெஞ்சில் சளி கட்டி, இன்று காலை மூச்சு நின்றது. அவள் வந்து சேர்ந்தபோது மணி இரண்டு.

"நீ அனுப்பின கட்டில்ல ராஜா மாதிரி இருந்தார்," என்றான் அண்ணன். "வேற எந்தப் பொண்ணு இப்படிச் செய்வா?"

அவள் போர்வையை மடித்துக் கட்டிலின் ஓரத்தில் வைத்தாள்.

மருந்துகளைப் பையில் போட்டுக்கொண்டிருந்த நர்ஸ் நிமிர்ந்தாள். "அக்கா, போன மாசம் ஒரு நாள் அய்யா தானாவே எழுந்து நின்னார். ஜன்னல் கம்பியப் பிடிச்சுக்கிட்டு இருபது வரைக்கும் எண்ணினார். 'பொண்ணுகிட்ட சொல்லிடாத, திட்டுவா'ன்னார். அப்புறம் நான் எழவே விடல."

"ஏன் விடல?"

நர்ஸ் அண்ணனைப் பார்த்தாள், பிறகு அவளை. "நீங்கதானேக்கா சொன்னீங்க."

வாசலில் வண்டி வந்து நின்றது. "தூக்கலாமா?" என்று அண்ணன் தலைப்பக்கம் போனான்.

"இரு."

அப்பாவின் குதிகாலில் படுக்கை விரிப்பின் மடிப்பு ஒரு கோடாகப் பதிந்திருந்தது. அவள் குனிந்து, கட்டைவிரலால் அதை மெல்லத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.