பிடரியில் ஒரு சொட்டு

சோபா ஓரத்தில் பட்டாணி அளவுக்கு உப்பிய உண்ணி ஒன்று ஊர்ந்துகொண்டிருந்தது. தையல்காரி அதைத் துண்டுத் துணியால் பிடித்து நசுக்கினாள். கருஞ்சிவப்பாய் விரலில் தெறித்தது. அவளுக்குக் குமட்டிக்கொண்டு வந்தது. முந்தின நாள் தைக்கக் கொடுத்திருந்த வெள்ளைச் சட்டையின் காலரிலேயே ஒன்று உட்கார்ந்திருந்தது. சட்டைக்காரர் பார்த்திருந்தால் மானம் கப்பலேறியிருக்கும். வீட்டு நாய் தடியனின் காதைத் திருப்பினாலோ, உள்ளே கொத்துக் கொத்தாய் உண்ணி.

"மாத்திரையே வாங்கிட்டு வாங்க, உள்ளுக்குப் போனா ஒரேயடியா ஒழியும்," என்று சொல்லித்தான் கணவரைக் கால்நடை மருத்துவரிடம் அனுப்பினாள்.

"அது வாயில யாரு கைய விடறது? வழவழன்னு எச்சி. உவ்வே!"

அவர் சோப்புக் கடை வைத்திருப்பவர். ஊருக்கு விற்பதில் பாதியைத் தன் கைக்கே தேய்த்துத் தீர்ப்பவர். வாங்கி வந்தது சொட்டு மருந்து. கையுறை மாட்டிக்கொண்டு தடியனின் பிடரியில் பிதுக்கிவிட்டு, "பாத்தியா, கைகூட நனையல," என்று பெருமையடித்துக்கொண்டார்.

ஒரு மழையில் சமையலறை ஜன்னல் வழியாக வந்து, வந்த இடத்திலேயே தங்கிவிட்ட பூனை கருப்பி. தூங்குவது தடியனின் கழுத்தோடு ஒட்டி. தூங்குமுன் அவன் பிடரியை நக்கி நக்கிச் சுத்தம் செய்யாவிட்டால் அவளுக்குத் தூக்கம் வராது. கணவர் மட்டும் அவளை வீட்டுக் கணக்கில் சேர்த்ததே இல்லை. வருகிறவர்களிடம், "பக்கத்து வீட்டுப் பூனை, சும்மா வந்து போகுது," என்பார். பக்கத்து வீட்டில் ஆளே குடியில்லை.

மறுநாள் காலை தையல் மெஷினுக்கு அடியில் கருப்பி கிடந்தாள். காது துடித்தது, பிறகு கால், பிறகு உடம்பு முழுக்க வெட்டி வெட்டி இழுத்தது. வாயில் நுரை. தையல்காரி பதறிப்போய் மருத்துவரை ஃபோனில் பிடித்தாள்.

"நாய்க்கு விட்டதை நக்கியிருக்கும்மா. பூனைக்கு அது விஷம். வீட்டுல பூனை இருக்கான்னு உங்க வீட்டுக்காரரைக் கேட்டேனே, இல்லன்னாரே? உடனே தூக்கிட்டு வாங்க."

அவள் கணவர் பக்கம் திரும்பினாள். "பூனை இல்லன்னா சொன்னீங்க?"

"நம்ம பூனை இல்லையே அது." அவர் கண் சுவருக்குப் போனது. "எனக்கு முன்னாடி ஒருத்தர் பூனை இருக்குன்னாரு. உடனே அவர் தலையில மாத்திரையக் கட்டிட்டாங்க. அதான் நான் இல்லன்னுட்டேன்..."

அவளுக்கு அருவருப்பு எழுந்தது. உண்ணியை நசுக்கும்போதுகூட இப்படி வந்ததில்லை. ரத்தம் குடிப்பது உண்ணிக்குப் பிழைப்பு, இந்த மனிதருக்கு என்ன கேடு? இவரோடா இத்தனை வருஷம் ஒரே தட்டில் சாப்பிட்டோம் என்று நினைத்தபோது நாக்கே கசந்தது.

மருத்துவமனைத் தொட்டியில் வெதுவெதுப்பான தண்ணீர் ஓடியது. மருத்துவர் ஊசி போட்டுவிட்டுக் கருப்பியின் ரோமத்தைச் சோப்புப் போட்டு அலசினார். "இன்னிக்கு ராத்திரி தாண்டட்டும், அப்புறம்தான் எதுவும் சொல்ல முடியும்," என்றார்.

துண்டில் சுற்றி வாங்கிய உடம்பு இன்னும் உதறிக்கொண்டிருந்தது. தையல்காரி விரலை விட்டு அதன் வாயைத் துடைத்தாள். எச்சில் மணிக்கட்டில் வழிந்து முழங்கைவரை இறங்கியது.

"குடு, கொஞ்ச நேரம் நான் வச்சுக்கறேன்," என்று கணவர் கையை நீட்டினார்.

"தொடாதீங்க."

நீட்டிய கையை அவர் இழுத்துக்கொண்டார். பிறகு அவர் மூலையிலிருந்த குழாயடிக்குப் போய், எதையுமே தொடாத அந்தக் கைகளைச் சோப்புப் போட்டுக் கழுவ ஆரம்பித்தார்.