பதினாலாம் தடத்துப் பென்சில்

1

இந்தக் கதை ஒரு பென்சிலில் தொடங்கியது என்று எழுதினால் அழகாக இருக்கும். உண்மையில் என் குற்றவுணர்ச்சியில்தான் தொடங்கியது. காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன். (அதுவரை என்னை முழுசாக நம்ப வேண்டாம்.)

2

முதல் தொடக்கம்: அமெரிக்காவின் டுலூத் நகரில் ஒரு பள்ளிப் பேருந்து டிப்போ. புது மேலாளர் மோரீன் ஹால்வர்சன், வந்த மாதமே பத்தொன்பது தடங்களையும் கணினியில் போட்டு ஓட்டுநர்களுக்குப் பங்கிட்டாள். டீசல் மிச்சம், பிள்ளைகள் குளிரில் நிற்கும் நேரம் குறைவு. காகிதத்தில் ஒரு குறையும் இல்லை. மறுநாள் பதினோரு பேர் சாவியை அவள் மேசையில் வைத்துவிட்டுப் போனார்கள். திங்கட்கிழமை பள்ளி திறப்பு. பஸ் ஓடாவிட்டால் அவள் வேலைக்கு அன்றோடு முழுக்கு.

(நானும் அங்கே ஓட்டுநர்தான். அந்தப் பதினோரு பேரில் நான் இல்லை.)

3

இப்படி எழுதினால் மோரீன் கல்நெஞ்சக்காரியாகிவிடுகிறாள். அவள் எங்களை வெறும் சாவிகளாகப் பார்த்தாள். நான் அவளை வெறும் மேலாளராகப் பார்த்துவிட்டேன். அடித்துவிட்டு மறுபடி:

மோரீன் ஓட்டுநர் சங்கத் தலைவி லொரெட்டாவைத் தேடிப் போய், எங்கே தப்பு என்று கேட்டாள்.

"உன் கணக்குல தப்பே இல்லம்மா. காலையில பிள்ளைங்கள இறக்கிட்டு நம்ம மூத்த டிரைவர் கோர்டி எங்க போறார்னு தெரியுமா? அவர் வருஷக்கணக்கா ஓட்டுன பதினாலாம் ரூட் முடியுற இடத்துலதான் அவர் சம்சாரம் இருக்கிற முதியோர் இல்லம். அவர் ஊட்டினாத்தான் அந்தம்மா சாப்பிடும்."

லொரெட்டா அதோடு விடவில்லை. கேட்காமல் பட்டியல் போட்டால் சங்கம் எதற்கு என்றாள். பிறகு சுவரில் நூல் கட்டித் தொங்கிய பென்சிலைக் காட்டினாள். ஆகஸ்டில் ஒரு நாள் தடங்களைச் சுவரில் ஒட்டுவார்கள். சர்வீஸில் மூத்தவரில் தொடங்கி ஒவ்வொருவராக வந்து, வேண்டியதில் பெயர் எழுதுவோம்.

"வருஷம் பூரா நீங்க சொல்றத நாங்க கேக்குறோம். அந்த ஒரு நாள்தான் நீங்க எங்களைக் கேப்பீங்க."

அந்த நிமிடம் மோரீனின் கண்களில் ஒரு ஒளி — (வேண்டாம். பென்சிலை ஒரு முறை தொட்டுப் பார்த்தாள், அவ்வளவுதான்.)

4

வெள்ளிக்கிழமை காலை மோரீன் தன் பட்டியலைக் கிழித்துப் போட்டு, பெயரில்லாத தாள்களை ஒட்டினாள். எல்லோரும் வந்தார்கள். மூத்தவர் கோர்டி எழுதாமல் யாரும் எழுத முடியாது. அவரோ பென்சிலைப் பிடித்தபடி நின்றார்.

இங்கே மூன்று முடிவுகள் எழுதினேன். கோர்டி எழுதினார், திங்கட்கிழமை பஸ் ஓடியது. பென்சிலை விட்டுவிட்டு வெளியேறினார், ஓடவில்லை. மூன்றாவதில் எல்லோரும் கட்டிப்பிடித்து அழுதார்கள், படு அசடு. மூன்றிலும் நான் இல்லை.

5

வரிசையில் பதினெட்டாவது ஆள் நான். கணினி பதினாலாம் தடத்தை எனக்குத்தான் கொடுத்திருந்தது. நீளமான தடம், அத்தனை மணி நேரம் ஓட்டினால்தான் என் மகளுக்கு டிப்போ தரும் மருத்துவக் காப்பீடு கிடைக்கும். இதை நான் மோரீனிடமும் சொல்லவில்லை, லொரெட்டாவிடமும் சொல்லவில்லை. அந்தப் பட்டியல் நிலைத்துவிடாதா என்று உள்ளூர வேண்டிக்கொண்டிருந்தேன்.

கோர்டி திரும்பிக் கண்களால் என்னைத் தேடிப் பிடித்தார்.

"பதினாலு உனக்கு வந்துச்சாமே தம்பி. வாயே திறக்காம நிக்கிறியே. உன்னையும் கேக்கணும்ல?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். மோரீனும்.

நான் சொன்ன பதிலை எழுதமாட்டேன். எழுதினால் நீங்கள் பேசாமல் உட்கார்ந்து என்னை எடை போடுவீர்கள். பதினெட்டாவது இடத்தை விட்டு நான் விலகிக்கொள்கிறேன், நீங்கள் வந்து நின்று பதில் சொல்லுங்கள். கோர்டி பென்சிலோடு காத்திருக்கிறார்.