மூன்றாம் பகுதி

படிவத்தில் நாற்பது கேள்விகள் இருந்தன. ஒரு பக்கம் பெங்காலி, மறுபக்கம் ஆங்கிலம். என் மனைவி தமிழரசிக்கு இரண்டும் ஓடாது. பெஹாலாவில் ஒரு மனநல கிளினிக்கின் பிளாஸ்டிக் நாற்காலியில் அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, ஒவ்வொரு கேள்வியையும் தமிழில் சொல்லி, அவள் சொல்வதை நான் குறிக்க வேண்டும் என்று ஏற்பாடு. இல்லை என்றால் பூஜ்யம், எப்போதாவது என்றால் ஒன்று, அடிக்கடி என்றால் இரண்டு, எப்போதும் என்றால் மூன்று. முப்பது வருஷமாக வங்கியில் ஊராருக்கெல்லாம் படிவம் நிரப்பிக் கொடுத்தவன் நான். இதென்ன பிரமாதம் என்றுதான் உட்கார்ந்தேன்.

மதுரையிலிருந்து மாற்றலாகி கல்கத்தா வந்து மூன்று வருஷம். ஆறு மாதமாக அவளுக்குப் படபடப்பு. ஈசிஜி, எக்கோ, தைராய்டு எல்லாம் பார்த்தாயிற்று, ஒன்றுமில்லை. "ஒண்ணுமில்லாததுக்கு ஏன் இந்தப் பாடு படுத்துற?" என்று நானும் கேட்டாயிற்று. கடைசியில் இதய டாக்டர்தான் இங்கே அனுப்பினார். ஆலோசகர் மீராவுக்கு என் மகன் வயதுதான் இருக்கும். பதட்டம் என்பது ஒரே சாமான் அல்ல, நான்கு பகுதியாகப் பிரித்து அளக்கிறோம் என்று ஆங்கிலத்தில் விளக்கினாள். உடம்பில் தெரிவது, நினைப்பில் ஓடுவது, மனிதர்களிடம் வருவது, பயந்து ஒதுங்கிக்கொள்வது. எது எவ்வளவு என்று தெரிந்தால்தான் அதற்கேற்ற வைத்தியம். "மாஷிமா சொல்றதை அப்படியே போடுங்க ஸார். இதுல சரி, தப்பு கிடையாது," என்று சொல்லிவிட்டு அடுத்த அறைக்குப் போனாள். இங்கே வயதில் மூத்த பெண்களை மாஷிமா, அதாவது சித்தி என்றுதான் கூப்பிடுவார்கள்.

முதல் இரண்டு பகுதியும் சுலபமாக ஓடின. கை நடுக்கம், தூக்கமின்மை, நெஞ்சு அடித்துக்கொள்வது. கேட்ட இடத்தில் எல்லாம் மூன்று போட்டேன். பார், உனக்காக எவ்வளவு தாராளமாகப் போடுகிறேன் என்று ஒரு நினைப்புகூட இருந்தது. மூன்றாம் பகுதியின் முதல் கேள்வி, குறிப்பிட்ட ஒருவர் வரும் நேரம் நெருங்கும்போது பதட்டம் வருகிறதா என்பது. அவள் அதிகம் யோசிக்கவில்லை.

"சாயந்தரம் ஆறரைக்கு லிஃப்ட் வந்து நிக்கும்ல. அந்தச் சத்தம் கேட்டா வரும்."

"அப்ப யாரு வர்றா?" என்றேன். சத்தியமாகச் சொல்கிறேன், கேட்ட பிறகுதான் எனக்கு உறைத்தது.

அவள் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "எப்பவும்னு போடுங்க."

திட்டு விழும் என்று பேசாமலே இருந்துவிடுவீர்களா? எப்பவும். மற்றவர் முன்னால் கேலி செய்வார்களோ என்று பயமா? எப்பவும். ரேஷன் கடையில் கார்டு நம்பர் சொல்வது போலச் சொல்லிக்கொண்டே போனாள், குரலில் ஒரு புகார்கூட இல்லை. கரியாஹாட் கடைத்தெருவில் புடவைக்காரரிடம் அவள் தட்டுத்தடுமாறி பெங்காலி பேசியபோது, கூட வந்த சகஊழியர் குடும்பத்தின் முன்னால் அதை அப்படியே பேசிக் காட்டிச் சிரித்தவன் நான். அதற்குப் பிறகு அவள் வாய் திறக்கவில்லை. காய்கறிக்காரரிடம் விரலைக் காட்டித்தான் வாங்குகிறாள். கை நீட்டியதில்லை, வாய் மட்டும்தான் என்று இத்தனை வருஷம் எனக்கு நானே ஒரு சர்டிபிகேட் வைத்திருந்தேன். அந்த நாற்காலியில் எனக்கு வந்தது வருத்தம்கூட இல்லை. அந்தச் சின்னப் பெண் இதைப் படித்துவிட்டு நிமிர்ந்து என்னைப் பார்ப்பாளே என்ற பயம். படிவம் செருகிய அட்டையைக் கொஞ்சம் என் பக்கம் திருப்பிக்கொண்டு பூஜ்யத்தைச் சுழித்தேன். பத்துக் கேள்விக்கும் பூஜ்யம்.

மீரா வந்து கூட்டிப் பார்த்தாள். உடம்பில் அதிகம், நினைப்பில் அதிகம், ஒதுங்குவதில் அதிகம், மனிதர்கள் விஷயத்தில் ஒன்றுமே இல்லை என்றாள். "வீட்ல நல்ல சப்போர்ட் இருக்கு. மாஷிமா கொடுத்து வச்சவங்க." நான் தேங்க்யூ சொன்னேன். எல்லாவற்றையும்விட அதை நினைத்தால்தான் இன்றும் எனக்குக் கூசுகிறது. மூச்சுப் பயிற்சி ஒன்று சொல்லிக்கொடுத்து, அங்கிருந்த டாக்டரிடம் ஒரு மாத்திரையும் எழுதி வாங்கித் தந்து, இரண்டு வாரம் கழித்து வரச் சொன்னாள்.

திரும்பும் வழியில் லேக் மார்க்கெட்டில் இறங்கினோம். முருங்கைக்காயை ஒவ்வொன்றாக முறுக்கிப் பார்த்தபடியே அவள் சொன்னாள். "எப்பவும்னு சொன்னேன், அது மூணு. நீங்க சைபர் போட்டீங்க."

கேள்வி அவளுக்குப் புரியாது என்பதிலேயே நான் இருந்துவிட்டேன். எண் எல்லா ஊரிலும் எண்தான் என்பது ஒரு பேங்க் மேனேஜருக்குத் தோன்றவில்லை. அந்த இடத்திலாவது தலை குனிந்தேனா என்றால், அதுவும் இல்லை. "அங்கேயே சொல்றதுக்கென்ன, வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று பாய்ந்தேன். கடைக்காரர் தராசை விட்டுவிட்டு எங்களைப் பார்த்தார்.

அவள் காயைப் பையில் போட்டாள். "இதுக்குத்தான் சொல்லல," என்றாள்.

அந்த இரண்டு வாரமும் நான் லிஃப்ட்டில் ஏறவில்லை. ஐம்பத்து நாலு வயதில் நாலு மாடி படியேறி, மூச்சு வாங்க மணியை அடித்தேன். சத்தமில்லாமல் வந்து நின்றால் அவளுக்கு நிம்மதி என்று என் புத்திசாலித்தனம். நடந்தது வேறு. எப்போது வருவேன் என்று தெரியாமல் அவள் ஐந்தரைக்கே அடுப்பை அணைத்துவிட்டு ஹாலில் உட்கார ஆரம்பித்தாள். கதவைத் திறக்கும்போது ஒரு கை நெஞ்சில் இருக்கும்.

இரண்டாவது தடவை அதே படிவம். இந்த முறை சொன்னதை அப்படியே போடுவது, பழைய படிவத்தில் நான் செய்ததையும் மீராவிடம் சொல்லிவிடுவது என்று முடிவு செய்துதான் போனேன். முதல் கேள்வியைப் படித்தேன். "சைபர்," என்றாள். அடுத்ததற்கும் சைபர். கை நடுக்கத்துக்குச் சைபர் சொன்னபோது அவளுடைய வலது கை மடியில் நடுங்கிக்கொண்டிருந்தது, இடது கையால் அதை மூடினாள். இருபதுக்கும் சைபர் போட்டேன். மூன்றாம் பகுதி வந்ததும் என்னால் படிக்க முடியவில்லை.

"அரசி, நெசத்தைச் சொல்லு. சொல்றதை அப்படியே போடுறேன்."

"போட்டுட்டு வீட்டுக்குத்தானே போகணும்," என்றாள்.

மீரா கதவைத் திறந்து, முடிந்ததா என்று கேட்டாள். நான் எழுந்து நின்றேன். மூன்றாம் பகுதியின் பத்து வரியும் காலியாக இருந்தன. தாளுக்காக மீரா கையை நீட்டினாள். தமிழரசி அவளையும் பார்க்கவில்லை, என் முகத்தையும் பார்க்கவில்லை, பேனா பிடித்திருந்த என் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.