இன்னொரு டேக்

ஜெசிந்தனிடம் ஒரே டேக்தான். டென்மார்க்கின் இக்காஸ்ட் நகரத் தமிழர் எல்லோருக்கும் அது தெரியும். பத்து வருசமாகச் சாமத்தியவீடும் கலியாணமும் படம்பிடித்த ஆள், தாலி கட்டும் நேரம் "திருப்பிக் கட்டுங்கோ" என்று சொல்ல முடியுமா? தொழிற்சாலை வேலை முடிந்து வந்து, நூலகத்தில் இரவல் வாங்கிய பழைய ஜப்பானியப் படங்களைத் தேயத் தேயப் பார்த்தவர். சண்டையில் தோற்ற நாட்டவன் கமராவை எவ்வளவு நிதானமாகப் பிடிக்கிறான் என்று அதில் படித்தவர். இப்போது, 2009 வைகாசியில், தியேட்டரில் ஓடப்போகும் படமொன்று முதல்முறையாக அவர் கைக்கு வந்திருந்தது.

வந்த நேரம்தான் சரியில்லை. வன்னியில் சண்டை முடிந்துவிட்டதாக வானொலி சொல்லிக்கொண்டிருந்தது. அவருடைய ஒரே தம்பி அங்கேதான் இருந்தான். கிழமைக்கணக்காக ஒரு தகவலும் இல்லை. படப்பிடிப்பில் கைபேசி கூடாது என்பது ஜெசிந்தனே போட்ட சட்டம். அதனால் தன்னுடையதையும் இயக்குநர் கோணேஸ்வரனிடம் கொடுத்திருந்தார்.

பக்கத்து ஊரான பிராண்டேக்கு வெளியே ஒரு தனிவீடு. பின்னேரம் கடைசிக் காட்சி: தாய் வாசலில் நின்று அழவேண்டும். காலையிலிருந்து ஒத்திகையில் ஒரு சொட்டும் வராமல் எல்லோர் உயிரையும் வாங்கிய நடிகை றஜனி, இடைவேளை முடிந்து வந்ததும் கொட்டோ கொட்டென்று கொட்டினாள். ஜெசிந்தனுக்குப் பெரிய சந்தோசம். எடுத்து முடிந்ததும் கோணேஸ்வரன் சாப்பாட்டுப் பொதியோடு கிட்ட வந்தார்.

"ஜெசி, முதல்ல சாப்பிடும். பிறகு ஒரு விசயம் கதைப்பம்."

ஜெசிந்தன் பொதியை வாங்கவில்லை. செத்தவீட்டுச் செய்தியை எங்கள் ஆட்கள் வெறும் வயிற்றில் இருப்பவனிடம் சொல்லமாட்டார்கள். சொன்ன பிறகு தொண்டையில் ஒன்றும் இறங்காது என்று, முதலில் சோற்றைத் திணித்துவிடுவார்கள். அவரே அப்படிச் செய்திருக்கிறார். பொதியை நீட்டிய கோணேஸ்வரன் வேறெங்கோ பார்த்துக்கொண்டு நின்றார்.

"பசிக்கேல்லை. வெளிச்சம் காணாது. இன்னொரு டேக்."

வெளிச்சம் தாராளமாக இருந்தது. எடுத்தார்கள். "நிழல் விழுது. இன்னொண்டு." எடுத்தார்கள். சாப்பிடாதவரைக்கும் சொல்லமாட்டார்கள், சொல்லாதவரைக்கும் தம்பி இருக்கிறான். டென்மார்க்கின் வைகாசி வெயிலும் அவர் பக்கம்தான், லேசில் இறங்கவில்லை. மற்ற நாளென்றால் கோணேஸ்வரன் இந்நேரம் வானத்துக்கும் பூமிக்கும் குதித்திருப்பார். இன்று அவரே றஜனியைத் திரும்பவும் வாசலில் நிறுத்தினார். ஜெசிந்தனுக்கு அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

அடுத்த தடவை றஜனி அழவில்லை. வாசலில் நின்று கமராவை நேராகப் பார்த்தாள்.

"அண்ணை, என்னாலை இனி அழ ஏலாது. நிப்பாட்டுங்கோ."

சொல்லிக்கொண்டே அவரை நோக்கி வந்தாள்.

"வராதை," என்றார் ஜெசிந்தன். கமராவிலிருந்து கண்ணை எடுத்தால் விழுந்துவிடுவோம் என்று அவருக்குத் தெரிந்தது. "அங்கையே நிண்டு சொல்லு."

றஜனி திரும்பிப் போய்த் தன் இடத்தில் நின்றாள்.

"தம்பி இல்லை, அண்ணை."

அவளுடைய முகம் மெல்ல மெல்ல மங்கியது. ஜெசிந்தன் போக்கஸைத் திருகினார். இந்தப் பக்கம் திருகினார், அந்தப் பக்கம் திருகினார். முகம் தெளியவே இல்லை.