லெட்டன் முந்திக்கொண்ட நவம்பர்

இங்கிலாந்தில், வில்ட்ஷயரின் சுண்ணாம்புக் குன்றுகளுக்கு நடுவே லெட்டன் பாதி வருடம்தான் ஆறு. வரைபடத்தில்கூட அதற்குப் புள்ளிக்கோடுதான். ஒரு காலத்தில் மடத்துத் துறவிகள் அதைத் திருப்பிவிட்டு மாவு ஆலை ஓட்டினார்கள். மடம் இடிந்தது, ஆலை நின்றது, ஆறு மட்டும் தன் பழக்கத்தை விடவில்லை. கோடையில் காய்ந்து கிடக்கும். கிறிஸ்துமஸ் கழிந்ததும் அடியிலிருந்து ஊறி எழும்.

கோடை முழுக்க ஹெஸ்டர் அந்தப் படுகையில் இறங்கி எதிர்க்கரைக்குப் போவாள், ஆம்ப்ரோஸ் பிட்மனோடு சீட்டாட. அவள் கணவனை இழந்தவள், அவர் மனைவியை. தண்ணீர் வந்துவிட்டால் ஆலைப் பாலத்தைச் சுற்றித்தான் போக வேண்டும். குளிரில் அவ்வளவு தூரம் யார் நடப்பது? கரைக்குக் கரை கையசைப்பதிலேயே மாதங்கள் போகும்.

செப்டம்பரில் அவர் கேட்டார். "நாம கல்யாணம் பண்ணிக்கலாமா? ஆறு வர்றதுக்குள்ள சொல்லுங்க, ஹெஸ்டர். இல்லேன்னா ஸ்விண்டன்ல மக வீட்டுக்கே போயிடறேன். இன்னொரு குளிர்காலம் சுவரோட பேச என்னால ஆகாது."

"கிறிஸ்துமஸ் வரைக்கும் நேரம் இருக்கே. அதுக்குள்ள சீட்டுல ஏமாத்தறத நிறுத்துங்க, பாக்கலாம்."

சிரித்துவிட்டு வந்தாள். வீட்டில் கணவரின் கோட்டு இன்னும் ஆணியில் தொங்கியது. அதை எடுத்து மடிக்கக் கை வரவில்லை. அடுத்த வாரம் சொல்லலாம், அடுத்த வாரம் சொல்லலாம் என்று அக்டோபரும் போனது.

"இந்த மழையப் பாத்தியா? ஆறு உன்னைக் கேட்டுக்கிட்டா வரும்?" என்றாள் பக்கத்து வீட்டு டார்கஸ்.

"லெட்டன் என்னைக்குடி கிறிஸ்துமஸுக்கு முன்னாடி வந்திருக்கு?"

நவம்பரில் ஒரு காலை, கதவைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். புல்லை வளைத்துக்கொண்டு கண்ணாடிபோலத் தண்ணீர் நகர்ந்துகொண்டிருந்தது. எதிர்க்கரையில் மகளின் கார். ஆம்ப்ரோஸ் பெட்டியை ஏற்றிக்கொண்டிருந்தார்.

கூப்பிட்டாள். காற்று எதிர்த்திசையில் வீசியது. அவர் நிமிர்ந்து, மெதுவாகக் கையசைத்தார். எத்தனையோ குளிர்காலங்களாக அவள் பார்த்துப் பழகிய அதே கையசைப்பு. பிறகு காரின் கதவைத் திறந்தார்.

ஹெஸ்டர் செருப்போடு தண்ணீரில் இறங்கினாள். குளிர் எலும்பைக் கடித்தது. நடு ஆற்றில் பாவாடை தொடைவரை நனைந்தது.

"பைத்தியமா உங்களுக்கு? பாலம் எதுக்கு இருக்கு?" என்று கரைக்கு ஓடி வந்து அலறினார் அவர்.

"சுத்தி வந்தா நீங்க ஸ்விண்டன் போய்ச் சேந்திருப்பீங்க! எனக்குச் சம்மதம், ஆம்ப்ரோஸ்!"

"அப்பா, புது ஷூ!" என்று கத்தினாள் மகள். அவர் அதற்குள் முழங்கால்வரை இறங்கியிருந்தார்.